டெல்லி கணேஷும் 'துணை' என்கிற வார்த்தையும்

டெல்லி கணேஷை "காமெடி நடிகர்" என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடுகிறார்கள். அநியாயம்!

தூத்துக்குடி மாவட்டம் வல்லநாட்டுக்காரர். 1964 முதல் 1974 வரை விமானப்படையில் வேலை. (தாம்பரம், அஸ்தினாபுரம் பக்கம் விமானச் சத்தம் கேட்டு வளர்ந்தவர்கள் இதற்காகவே ஒரு சல்யூட் வைக்கலாம்.) டெல்லியில் நாடகம், பிறகு பாலசந்தரின் 'பட்டினப்பிரவேசம்'. 2024 நவம்பரில் காலமாகும்வரை நானூறுக்கும் மேல் படங்கள்.

'பசி' (1979) படத்தில் ரிக்‌ஷாக்காரர். மாநில அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் ஈவு இரக்கமில்லாத வில்லன். அடுத்த வருடமே 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் சமையல்காரர் பாலக்காடு மணி அய்யர். கமல் இவரைவிடப் பத்து வயதுதான் சின்னவர். ஆனால் அந்தப் படத்தில் இவர் கமலின் வளர்ப்பு அப்பா என்றால் யாருக்காவது சந்தேகம் வந்ததா? நெல்லைச் சீமைக்காரர் வாயில் பாலக்காட்டுத் தமிழ் எப்படித்தான் வந்ததோ! எதிரில் இருப்பவர் நிஜமாகவே பதறினால்தானே காமேஸ்வரனின் அப்பாவித்தனம் எடுபடும்? கைதட்டல் மட்டும் ஹீரோவுக்கு.

கணக்குப் பாடத்தில் 'குட்வில்' என்று ஒன்று வரும். கையால் தொட முடியாது, ஆனால் கடைக்கே மதிப்பு அதனால்தான். இவரும் அப்படித்தான்.

அடுத்த முறை டிவியில் அந்தப் படம் வந்தால், நாலு கமலையும் விட்டுவிட்டு மணி அய்யரை மட்டும் கவனியுங்கள்.