தடையிலா உணவளிப்பு: ஓர் ஆய்வகச் சொல்லின் பொருளும் பயன்பாடும் குறித்த நிலைப்பாட்டு அறிக்கை

உணவியல், நச்சியல், முதுமையியல் ஆகிய துறைகளின் ஆய்வுக் கட்டுரைகளில், செய்முறையை விளக்கும் பகுதியில், விலங்குகளுக்கு உணவும் நீரும் ‘அட் லிபிட்டம்’ முறையில் அளிக்கப்பட்டன என்ற ஒற்றை வரி ஏறத்தாழத் தவறாமல் இடம்பெறுகிறது. ‘விருப்பப்படி’ என்று பொருள்படும் இந்த இலத்தீன் தொடரை ஆய்வகப் பணியாளர்கள் ‘அட் லிப்’ என்று சுருக்கிச் சொல்வர். கூண்டில் எந்நேரமும் தீவனம் இருக்கும்படி பார்த்துக்கொள்வதே அவர்கள் அளவில் அதன் பொருள். ஆய்வு விலங்குகளின் பராமரிப்பிலும் உணவியல் ஆய்விலும் ஈடுபட்டோர் இணைந்து இயங்கும் இச்சங்கம், அந்தச் செயல்முறைப் பொருளையே இச்சொல்லின் முழுப்பொருளாகக் கொள்கிறது. உணவு தடுக்கப்படவில்லை என்பதற்கு மேல் எதையும் இச்சொல் உரைப்பதில்லை. விலங்கு எவ்வளவு உண்டது என்பதையோ, உண்ட அளவு அதன் உடலுக்கு ஏற்றதா என்பதையோ, அவ்விலங்கு இயல்பான உடல்நிலையில் இருந்தது என்பதையோ இச்சொல்லிலிருந்து ஊகித்துக்கொள்வது பிழை என்பதும், அந்தப் பிழை பல்லாண்டுகளாக ஆய்வு முடிவுகளைத் திரித்து வந்துள்ளது என்பதும் இச்சங்கத்தின் நிலைப்பாடு.

கூண்டுக்குள் நடப்பதைக் கருதினால் இந்த எச்சரிக்கையின் தேவை விளங்கும். வளர்ந்த சுண்டெலி ஒன்று நாளொன்றுக்கு ஏறத்தாழ 3 முதல் 5 கிராம் வரை தீவனம் உண்ணும் என்பது பொதுவான கணக்கு. தொட்டியில் இட்ட தீவனத்தின் எடையிலிருந்து மிஞ்சியதன் எடையைக் கழித்து இதைக் கணக்கிடுகிறார்கள். ஆனால் சில சுண்டெலிகள் தீவனத்தை உண்ணாமலே கொறித்துத் தூளாக்கிப் படுக்கைப் பொருளில் சிந்திவிடுவதால், அந்தத் தூளைச் சலித்து எடைபோடாத ஆய்வகத்தில் சிந்தியதும் உண்டதாகவே பதிவாகிறது. ஒரே கூண்டில் நான்கைந்து விலங்குகள் வாழும்போது கிடைப்பது சராசரி மட்டுமே. எது மிகுதியாக உண்டது, எது குறைவாக உண்டது என்பது தெரியாது. அறையின் வெப்பநிலையும் இதில் சேர்கிறது. மனிதருக்கு இதமான 20 முதல் 22 பாகை செல்சியஸ் சுண்டெலிக்குக் குளிர். உடல்வெப்பத்தைக் காக்கக் கூடுதல் ஆற்றல் செலவிடத் தேவையற்ற வெப்பநிலை அதற்கு 30 பாகையை ஒட்டியது என்பதால், வழக்கமான ஆய்வக அறையில் அது குளிரைத் தாங்குவதற்காகவும் சேர்த்தே உண்கிறது. விருப்பம் என்று அந்த இலத்தீன் தொடர் குறிப்பிடுவதில் ஒரு பகுதி, மனிதர் தமக்காக அமைத்துக்கொண்ட அறையின் விளைவு.

தடையின்றி உண்ட விலங்கையே இயல்பான விலங்காகக் கொள்ளும் வழக்கம், உணவுக் கட்டுப்பாட்டு ஆய்வுகளில் மிகப் பெரிய குழப்பத்தை விளைத்துள்ளது. 1935இல் அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகத்தில் கிளைவ் மெக்கே, மேரி குரோவல், லெனார்ட் மேனார்டு ஆகியோர், வைட்டமின்களும் தாதுக்களும் குறையாமல் ஆற்றலை மட்டும் குறைத்து வளர்த்த எலிகள் நீண்டகாலம் வாழ்ந்ததை வெளியிட்டதிலிருந்து, ஆற்றல் கட்டுப்பாடு ஆயுளை நீட்டிக்கும் என்ற கூற்று உயிரியலில் நிலைபெற்றது. பிற்காலத்து ஆய்வுகளில் இக்கட்டுப்பாடு பெரும்பாலும், தடையின்றி உண்ணும் விலங்கு உட்கொள்வதில் 30 அல்லது 40 விழுக்காடு குறைத்தல் என்றே வரையறுக்கப்படுகிறது. அளவுகோலின் தொடக்கப்புள்ளியே தடையிலா உணவளிப்பாக இருக்கும்போது, கட்டுப்பாடு ஆயுளை நீட்டித்ததா, சிறிய கூண்டில் ஓட இடமின்றி நாள்முழுதும் தீவனத்தின் அருகிலேயே கிடந்து பருத்த விலங்கின் ஆயுள் சுருங்கியதா என்று கேட்பதற்கு இடமிருக்கிறது. அமெரிக்கத் தேசிய முதுமையியல் நிறுவனத்தைச் சேர்ந்த மார்க் மேட்சனும் அவருடைய குழுவினரும் 2010இல் வெளியிட்ட கட்டுரையில், ஒப்பீட்டுக்காக வைக்கப்படும் கொறிவிலங்குகள் உடலியக்கமின்றிப் பருத்து, இன்சுலினுக்கு எதிர்ப்புக் கொண்ட நோயுற்ற நிலையிலேயே உள்ளன என்று வாதிட்டனர்.

நச்சியலில் இதன் விளைவு இன்னும் கடுமையானது. ஒரு பொருள் புற்றுநோயை உண்டாக்குமா என்று அறிய எலிகளை இரண்டு ஆண்டுகள் வைத்துச் சோதிப்பது மரபு. 1990களில் மெர்க் நிறுவனத்தின் ஆய்வகத்தில் கெவின் கீனன் குழுவினர் செய்த ஆய்வுகள், தடையின்றி உண்ட ஸ்பிராக்–டாலி எலிகளில் சிறுநீரக நோயும் இதயத் தசை நோயும் பிட்யூட்டரி, பால்சுரப்பிக் கட்டிகளும் மிகுந்ததையும், பலவும் இரண்டாண்டுக்கு முன்பே மடிந்ததையும், அவற்றின் உணவை மிதமாகக் குறைத்தபோது இந்நிலை கணிசமாக மாறியதையும் காட்டின. இதில் மறைந்திருக்கும் பொறி நுட்பமானது. சோதிக்கப்படும் பொருள் பசியைக் குறைத்தால், அதை உண்ட குழு தானாகவே மெலிந்து, அதன் விளைவாகவே கட்டிகளும் குறைந்து, பருத்த ஒப்பீட்டுக் குழுவை விட நலமாகத் தோன்றும்; தீங்கு செய்யும் பொருள் ஒன்று தீங்கற்றதாகத் தேறிவிடவும் கூடும். இரு குழுவுக்கும் உணவு தடையின்றி அளிக்கப்பட்டது என்று அறிக்கை சொல்லும். அது உண்மையாகவும் இருக்கும். ஆனால் அந்த உண்மை படிப்பவருக்கு எந்தப் பாதுகாப்பையும் தருவதில்லை.

ரீசஸ் குரங்குகளைக் கொண்டு நடத்தப்பட்ட இரு நெடிய ஆய்வுகள், இச்சொல்லைக் கவனிக்காமல் முடிவுகளை ஒப்பிடுவது எங்கே கொண்டுவிடும் என்பதற்குத் தக்க சான்று. தேசிய முதுமையியல் நிறுவனம் 1987இலும் விஸ்கான்சின் பல்கலைக்கழகம் 1989இலும் தொடங்கிய இவ்வாய்வுகளில், கட்டுப்பாட்டு உணவு முதுமை சார்ந்த இறப்பைக் குறைத்தது என்று விஸ்கான்சின் குழு 2009இல் அறிவித்தது. ஆயுளில் வேறுபாடு இல்லை என்று முதுமையியல் நிறுவனம் 2012இல் அறிவித்தது. முரண் பெரிதாகப் பேசப்பட்டது. ஆனால் விஸ்கான்சினின் ஒப்பீட்டுக் குரங்குகள் தடையின்றி உண்டவை. அவற்றின் உணவில் சர்க்கரை 28.5 விழுக்காடு. முதுமையியல் நிறுவனத்தின் ஒப்பீட்டுக் குரங்குகளுக்கோ, உடல் பருக்காதபடி வயதுக்கும் எடைக்கும் ஏற்ப அளந்தே உணவு தரப்பட்டது. அவ்வுணவில் சர்க்கரை 3.9 விழுக்காடு மட்டுமே. அளந்து உண்ட குரங்கை இன்னும் சற்றுக் குறைவாக உண்ட குரங்கோடு ஒப்பிட்ட இடத்தில் வேறுபாடு மங்கியதில் வியப்பில்லை. இரு குழுவினரும் தரவுகளை ஒன்றுசேர்த்து 2017இல் வெளியிட்ட கட்டுரை, ஒப்பீட்டு விலங்குகளின் எடை, உணவின் கலவை, கட்டுப்பாடு தொடங்கிய வயது ஆகியவற்றைக் கொண்டு இந்த முரணைப் பெருமளவு விளக்கியது. இடைப்பட்ட ஆண்டுகளில் இச்செய்தியைப் படித்த பொதுமக்களுக்கு, குறைத்து உண்பது பயனற்றது என்றும் பயனுள்ளது என்றும் மாறிமாறிச் சொல்லப்பட்டது.

அளவைப் போலவே வேளையும் இச்சொல்லுக்குள் மறைந்துவிடுகிறது. சுண்டெலி இரவில் இயங்கும் விலங்கு. தடையின்றிக் கொழுப்புணவு கிடைக்கும்போது அது பகலிலும் உண்ணத் தொடங்கிவிடுகிறது. சால்க் நிறுவனத்தில் சச்சிதானந்த பாண்டாவின் குழு 2012இல் வெளியிட்ட ஆய்வில், அதே கொழுப்புணவை இரவில் 8 மணி நேரம் மட்டும் கிடைக்கச் செய்தபோது, உட்கொண்ட மொத்த ஆற்றல் குறையாதிருந்தும் உடற்பருமனும் கல்லீரல் கொழுப்பும் தடுக்கப்பட்டன. ஜோசப் தகஹாஷியின் குழு 2022இல் வெளியிட்ட ஆய்வில், 30 விழுக்காடு குறைத்த உணவை 24 மணி நேரத்திலும் பரப்பித் தந்தபோது ஆண் சுண்டெலிகளின் ஆயுள் ஏறத்தாழ 10 விழுக்காடும், அதே அளவை இரவில் மட்டும் தந்தபோது ஏறத்தாழ 35 விழுக்காடும் நீண்டது. பணியாளர் காலையில் வந்து ஒருவேளை தீவனம் இடும் பழைய வழக்கத்தில் உணவு குறைக்கப்பட்ட குழு சில மணி நேரத்தில் உண்டு முடித்து எஞ்சிய பொழுதெல்லாம் பட்டினி கிடந்தது. ஆகவே அளவின் விளைவு என்று எழுதப்பட்டவற்றுள் எத்தனை பட்டினிப் பொழுதின் விளைவு என்பது மீண்டும் ஆராயப்பட வேண்டியதாகிறது.

இச்சொல்லோடு சேர்த்துப் புரிந்துகொள்ள வேண்டியது ‘இணை உணவளிப்பு’ என்னும் முறை. ஒரு குழு எவ்வளவு உண்டதோ அதே அளவை அளந்து மறு குழுவுக்குத் தருவது இம்முறை. அமெரிக்க உணவியலாளர் எச்.எச். மிட்செல் 1930ஐ ஒட்டி இதை முறைப்படுத்தினார். குறைபாட்டு நோய்களை ஆராய்வோருக்கு இது தவிர்க்க முடியாதது. தமிழ்நாட்டின் குன்னூரில், 1918இல் பாஸ்டர் நிறுவனத்தின் ஓர் அறையில், ராபர்ட் மெக்கரிசனின் தலைமையில் பெரிபெரி நோய் ஆய்வாகத் தொடங்கியதுதான் இன்று ஐதராபாத்தில் இயங்கும் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம். குன்னூரில் இந்தியாவின் பல பகுதி மக்களின் உணவுகளை எலிகளுக்கு அளித்து ஒப்பிட்ட மெக்கரிசனின் பணி உலகறிந்தது. பெரிபெரிக்குக் காரணமான தயமின் குறைபாடு பசியையே அழிப்பது. அக்குறைபாடுள்ள உணவை எவ்வளவு தாராளமாகக் கொடுத்தாலும் எலி குறைவாகவே உண்ணும் என்பதால், அது மெலிந்ததற்குத் தயமின் இல்லாமை எவ்வளவு காரணம், மொத்த உணவே குறைந்தது எவ்வளவு காரணம் என்பதை இணை உணவளிப்புக் குழு இல்லாமல் பிரித்தறிய இயலாது. மதுவினால் கல்லீரல் கெடுவதை ஆராய்வதற்குச் சார்லஸ் லீபரும் லியனோர் டிகார்லியும் வகுத்த நீர்ம உணவு முறையிலும், மது கலந்த உணவை எலிகள் விரும்பிய அளவு உண்கின்றன. ஒப்பீட்டு எலிகளுக்கு மட்டும் அதே ஆற்றல் அளந்து தரப்படுகிறது. இம்முறையும் குறையற்றதன்று. அளந்து பெற்ற விலங்கு தன் பங்கை விரைந்து உண்டுவிட்டுப் பசித்திருப்பதால் மேலே சொன்ன வேளைச் சிக்கல் இங்கும் புகுந்துவிடுகிறது. பங்கைப் பலமுறையாகப் பிரித்துத் தரும் கருவி உள்ள இடங்களில் அதைப் பயன்படுத்துவதே சரி.

மனிதரிடம் செய்யும் ஆய்வுகளில் இதே சொல் வேறொரு பொருளில் வழங்குகிறது. கெவின் ஹால் குழுவினர் 2019இல் வெளியிட்ட ஆய்வில், மருத்துவமனையில் தங்கிய 20 பேருக்கு இரண்டு வாரம் மிகுபதன உணவும் இரண்டு வாரம் பதனப்படாத உணவும் அளித்து, விரும்பிய மட்டும் உண்ணச் சொன்னார்கள். மிகுபதன உணவின்போது நாளொன்றுக்கு ஏறத்தாழ 500 கிலோகலோரி கூடுதலாக உண்டார்கள். இங்கே உணவு வேளைக்கு வேளை வந்தது. ஒவ்வொரு வேளைக்கும் கால வரம்பு இருந்தது. உண்பதும் விடுவதும் அவரவர் முடிவு. இதில் விருப்பம் என்ற சொல்லுக்கு உண்மையான இடம் இருக்கிறது. ஆய்வின் கேள்வியே அந்த விருப்பம் எவ்வாறு உணவின் தன்மையால் தூண்டப்படுகிறது என்பதுதான். கூண்டு விலங்கின் தடையிலா உணவளிப்பையும் இதையும் ஒரே பெயரால் குறித்து, ஒன்றின் முடிவை மற்றொன்றுக்குப் பொருத்துவதைச் சங்கம் ஏற்கவில்லை.

தமிழில் எழுதுவோருக்குச் சங்கம் சொல்வது சிறிது. ‘வேண்டிய அளவு உணவு அளிக்கப்பட்டது’ என்று எழுதும் வழக்கம் பாடநூல்களிலும் செய்திகளிலும் எளிதாக வந்துவிடக்கூடியது. வேண்டிய என்பது விரும்பிய என்றும் தேவையான என்றும் பொருள்படுவதால், தேவைக்கு மிஞ்சி உண்ட விலங்கைத் தேவையான அளவு உண்ட விலங்காகக் காட்டி, இவ்வறிக்கை தவிர்க்கச் சொல்லும் அதே பிழையை அது நிலைநாட்டிவிடும். எனவே விலங்காய்வுகளுக்குத் ‘தடையிலா உணவளிப்பு’ என்ற தொடரையும், மனிதர் உண்ணும் அளவைத் தாமே முடிவுசெய்யும் ஆய்வுகளுக்கு ‘விருப்ப அளவு உண்ணல்’ என்ற தொடரையும் சங்கம் பரிந்துரைக்கிறது. ஆய்வகப் பேச்சில் ‘அட் லிப்’ என்றே வழங்குவதில் தடை ஏதுமில்லை.

தடையிலா உணவளிப்பைக் கைவிட வேண்டும் என்று இச்சங்கம் கோரவில்லை. நச்சியல் ஆய்வகங்கள் பல்லாண்டுகளாகச் சேர்த்து வைத்துள்ள ஒப்பீட்டுத் தரவுகள் இம்முறையில் பெற்றவை என்பதையும், முறையைத் திடீரென மாற்றினால் புதியதைப் பழையதோடு ஒப்பிட இயலாமல் போகும் என்பதையும் அது அறியும். கோருவது, கட்டுரையில் அந்த ஒரு வரி நீள வேண்டும் என்பதே. எந்தத் தீவனம், அதன் கலவை வெளிப்படையானதா, எந்நேரம் கிடைத்தது, கூண்டுக்கு எத்தனை விலங்குகள், அறையின் வெப்பநிலை, உண்ட அளவு அளக்கப்பட்டதா, சிந்தியது கழிக்கப்பட்டதா, ஒப்பீட்டுக் குழுவின் எடை எப்படி மாறியது ஆகியவை அதில் இடம்பெற வேண்டும். விலங்காய்வுகளை எழுதி வெளியிடுவதற்கென 2010இல் வெளியாகி 2020இல் திருத்தப்பட்ட ‘அரைவ்’ வழிகாட்டு நெறிகளும் விலங்குகளின் இருப்பிடத்தையும் பராமரிப்பையும் விவரிக்கச் சொல்கின்றன. ஆனால் அவ்விவரம் அந்நெறிகளின் பரிந்துரைப் பட்டியலில்தான் உள்ளது, இன்றியமையாதவை என்று அவை குறிக்கும் பத்து விவரங்களில் இல்லை. உணவை மையமாகக் கொண்ட ஆய்வுகளுக்கேனும் இதழாசிரியர்கள் அதைக் கட்டாயமாகக் கொள்ள வேண்டும்.

இந்தியாவில் விலங்காய்வுகள் 1960ஆம் ஆண்டின் விலங்கு வதைத் தடுப்புச் சட்டத்தின்கீழ் நெறிப்படுத்தப்படுவதால், ஒவ்வொரு நிறுவனத்திலும் உள்ள விலங்கு நெறிமுறைக் குழுக்கள் ஒப்புதல் தருமுன்பே இக்கேள்விகளைக் கேட்பது இயலும். அவ்வாறு கேட்கும்போது மறுபக்கமும் கருதப்பட வேண்டும். உணவைக் குறைக்கும் ஆய்வில், கூட்டமாக வாழும் கூண்டில் வலிய விலங்கு மெலிந்ததன் பங்கையும் பறித்து உண்ணும். இதைத் தவிர்க்கத் தனிக் கூண்டில் அடைத்தால் கூடி வாழும் இயல்புடைய விலங்கு தனிமையால் துன்புறும். உணவைக் கட்டுப்படுத்த முன்வரும் ஆய்வாளர், எத்தனை விழுக்காடு எடை குறைந்தால் ஆய்வை நிறுத்தி விலங்குக்கு முழு உணவு தருவார் என்பதையும், அந்த எடையை யார், எத்தனை நாளுக்கு ஒருமுறை பார்த்துப் பதிவுசெய்வார் என்பதையும் விண்ணப்பத்திலேயே எழுதித் தர வேண்டும்.