மலையைத் தோண்டும் முன் மக்களைக் கேளுங்கள்

அணுக் கனிமங்கள், முக்கியக் கனிமங்கள் ஆகியவற்றுக்கான சுரங்கத் திட்டங்களுக்குப் பொதுமக்கள் கருத்துக் கேட்பிலிருந்து விலக்களித்து மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் 2025 செப்டம்பரில் பிறப்பித்த உத்தரவு திரும்பப் பெறப்பட வேண்டும். மின்கலம், பாதுகாப்புத் தளவாடம் முதலியவற்றுக்கு இன்றியமையாத லித்தியம், டங்ஸ்டன் போன்ற தாதுக்களே முக்கியக் கனிமங்கள் எனப்படுகின்றன. அவற்றுக்குப் பிற நாடுகளையே சார்ந்திருப்பது நல்லதல்ல என்ற வாதத்தில் நியாயம் உண்டு. ஆனால், 1830-இல் பரங்கிப்பேட்டையில் ஹீத் என்ற ஆங்கிலேயர் நிறுவிய இரும்பாலை, சேலம் வட்டாரத் தாதுவை உருக்கக் காட்டு மரக்கரியை நம்பியிருந்த காலந்தொட்டு, சுரங்கத்தின் ஆதாயம் ஓரிடத்திலும் இழப்பு வேறோரிடத்திலும் சேர்வதையே தமிழக வரலாறு காட்டுகிறது. திருவண்ணாமலை அருகே கவுத்திமலை, வேடியப்பன்மலை ஆகியவற்றிலுள்ள மாக்னடைட் எனும் காந்த இரும்புத் தாதுவை வெட்டியெடுக்கும் திட்டம் முன்வைக்கப்பட்டபோது, காட்டையும் ஓடைநீரையும் நம்பி உழும் சுற்றுக் கிராமத்தினர் உறுதியாக எதிர்த்தனர். மதுரை மாவட்டம் அரிட்டாபட்டியை உள்ளடக்கிய டங்ஸ்டன் சுரங்க ஏலம் 2025 ஜனவரியில் ரத்தானதற்கும் மக்களின் குரலே காரணம். கருத்துக் கேட்பு என்பது, திட்டத்தின் விளைவுகளை ஊரார் அறிந்து, தம் மறுப்பையும் ஐயத்தையும் அரசுப் பதிவேட்டில் ஏற்றுவதற்குரிய சட்டபூர்வ வாய்ப்பு; அதை வெறும் தாமதம் என்று கருதுவது பிழை. ரமணாசிரமத்தைக் கடந்து செல்லும் கிரிவலப் பாதையில் மலையையே இறைவனாக வலம்வரும் திருவண்ணாமலை, எந்த மலையையும் வெறும் தாதுக் குவியலாக எண்ணும் நிர்வாகத்தை ஏற்க முடியாது. கனிமம் நாட்டுக்குத் தேவையெனில், அதற்கான ஒப்புதலை மலையடிவார மக்களிடமிருந்தே அரசு பெறட்டும்.