வானத்துக் கண்ணும் அடங்கல் ஏடும்

விண்வெளி ஆராய்ச்சி விஞ்ஞானிகளுக்கே உரிய விஷயம், ஏர் பிடிப்பவனுக்கு அதனால் யாது பயன் என்று எண்ணுவோர் பலர். இராமேசுவரத்திற் பிறந்த அப்துல் கலாம் அவர்கள் திட்ட இயக்குநராக இருந்து உருவாக்கிய ராக்கெட், 1980-ஆம் வருஷம் ஜூலை மாதம் 18-ந் தேதி ரோகிணி என்னும் செயற்கைக் கோளை வானில் நிறுத்திற்று. அத்துறையின் பயன் தங்கள் வயல் வரப்பு வரை வந்து சேருமென்று அன்று எண்ணியிருப்போர் மிகச் சிலரே.

இன்று அது வந்துவிட்டது. 2014 முதல் ஐரோப்பிய விண்வெளி நிறுவனத்தார் ஏவிய சென்டினல்-1 வரிசைக் கோள் ஒவ்வொன்றும் 12 தினங்களுக்கு ஒரு முறை அதே நிலத்தின் மேல் திரும்பி வருவது. அதிலுள்ள ராடார் மேகத்தை ஊடுருவிச் செல்லுமாதலால், ஐப்பசி கார்த்திகை மூடத்திலும் வயலின் நிலை புலனாகும். இப்படங்களைக் கொண்டு தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தார் நெற்பரப்பையும் விளைச்சலையும் மதிப்பிட்டனர். 2016-ஆம் வருஷம் வடகிழக்குப் பருவமழை பொய்த்தபின், காப்பீட்டு இழப்பைக் கணிப்பதற்கு அம்மதிப்பீடு துணையாயிற்று.

நிற்க. இக்கருவி வந்தமையால் அடங்கல் எழுதும் சிரமம் தீர்ந்ததெனக் கருதுவது பெரும் பிழையாகும். நீர் கட்டி நாற்று நட்ட வயலை ராடார் எளிதில் அறியும். இராமநாதபுரம் ஜில்லாவிலோ, புழுதியில் விதைத்துவிட்டு மழையை எதிர்நோக்குவதே பெருவழக்கு. மழையின்றி முளைக்காது போன வயல், வானிலிருந்து பார்க்கத் தரிசாகவே தோன்றும். உழவுக் கூலியும் விதைநெல்லும் செலவிட்டவனையும், ஏர் பூட்டாதிருந்தவனையும் பிரித்துக் காட்டவல்லது, விதைப்புப் பருவத்திலேயே சர்வே நெம்பர் தோறும் நேரிற் சென்று எழுதிய அடங்கலே.

பொய் அடங்கலின் கேடும் சிறிதன்று. 2016-ல் தொடங்கிய பிரதம மந்திரி பயிர்க் காப்பீட்டுத் திட்ட விதிகளின்படி, ஒரு கிராமத்திற் சாகுபடியான பரப்பைவிடக் காப்பீடு செய்த பரப்பு மிகுந்திருந்தால், அவ்விகிதத்திற்கேற்ப இழப்பீட்டைக் குறைக்க இடமுண்டு. சீமைக் கருவேல் மண்டிய நிலத்தை நெல் வயலென ஒருவர் எழுதுவித்தால், மெய்யாக விதைத்த அயலாருக்கும் அதனால் நஷ்டம் நேரும்.

ஆதலின், கிராம நிர்வாக அலுவலர்கள் விதைப்பு முடிந்தவுடன் நிலத்தை மிதித்துப் பார்த்தே அடங்கல் எழுதுதல் வேண்டும். நிலச்சொந்தக்காரர்களும் தத்தம் சர்வே நெம்பரும் பயிரும் பரப்பும் சரியாகப் பதிவாயினவா என்று அப்பொழுதே கேட்டு உறுதி செய்துகொள்வது நலம். பயிர் பொய்த்தபின் முறையிடுவதால் அப்பிழை எளிதில் தீராது.