துறை தூர்ந்த ஊர்

ஸ்பெயின் தேசத்தின் தென்கிழக்குக் கரையில், கார்த்தஹேனா நகருக்கு அருகே, போர்ட்மான் என்னும் சிற்றூர் உள்ளது. ரோமானியர் இதனைப் 'பெருந்துறை' என்று பொருள்படும் பெயரால் அழைத்தனர். அதன் பின்னுள்ள மலைகளில் ஈயமும் வெள்ளியும் அக்காலத்திலேயே தோண்டப்பட்டன. இன்றோ துறை இருந்தவிடத்தில் கருமணல் வெளியே காணப்படுகின்றது.

1957-ஆம் வருஷத்தில் அங்கே பெரியதொரு ஆலை வேலை தொடங்கிற்று. தாதுவைப் பொடியாக்கி, நீரும் இரசாயனப் பொருள்களும் கலந்து, உலோகப் பகுதியை நுரையோடு பிரித்தெடுத்தபின், எஞ்சிய சேறு குழாய் வழியே கடலில் விடப்பட்டது. 1990-இல் இது நிறுத்தப்படுமுன் கடலிற் சேர்ந்த கழிவு சுமார் 5 கோடியே 70 லட்சம் டன். குடாக்கடல் தூர்ந்தது, கரை 500 மீட்டருக்கு மேல் முன்னேறிற்று, மீன்பிடி படகுகளின் பழைய துறை நிலத்தினிடையே அகப்பட்டது.

ஆலை ஊராருக்குக் கூலி அளித்ததே எனலாம். அது மெய்யே. ஆனால் கூலி 33 வருஷங்களில் முடிந்தது; கழிவோ முடியவில்லை. 2016-இல் பொதுப் பணத்தைக்கொண்டு தொடங்கிய சீரமைப்பு வேலையும் முற்றுப்பெறாமல் இடையில் நின்றது.

இது மீனவர்க்கு மட்டும் உரிய பாடமன்று. சுரங்கக் கழிவிலுள்ள கந்தகம் கலந்த இரும்புத் தாது, காற்றும் நீரும் பட்டு அமிலத்தை உண்டாக்கும். அமிலம் ஈயம், துத்தநாகம், காட்மியம் முதலியவற்றைக் கரைத்து நீரோடைகளிற் சேர்க்கும். உலர்ந்த தூள் காற்றிற் பறந்து வயல்களிற் படியும். காட்மியம் கீரை வகைகளில் எளிதில் ஏறும். பயிர் செழித்துத் தோன்றினும் உண்பவர்க்குத் தீங்கே. சுண்ணாம்பு இடுவதால் உலோகம் கரைவது குறையுமேயன்றி, அது மண்ணைவிட்டு நீங்காது.

ஆதலால் சுரங்கத்திற்கு நிலம் விடும் உடைமையாளர் குத்தகைத் தொகையை மட்டும் கணக்கிடுதல் போதாது. கழிவு எங்கே கொட்டப்படும்? மழைநீர் எவ்வழி வடியும்? வேலை முடிந்தபின் நிலத்தைச் சீர்ப்படுத்துவதற்கான தொகை முன்னதாகவே கட்டப்பட்டுள்ளதா? இம்மூன்றிற்கும் எழுத்து மூலமான விடை பெற்ற பின்னரே கையொப்பமிட வேண்டும். கிராம அதிகாரிகளும், தோண்டுமுன்னரே அக்கம்பக்கத்து மண்ணையும் கிணற்று நீரையும் பரிசோதிக்கச் செய்து, முடிவுகளைப் பதிவில் வைத்தல் நலம். பிற்காலத்தில் கேடு நேரின், அதனை நிலைநாட்ட அப்பதிவே சாட்சியாகும். தாது ஒருமுறை எடுக்கப்படுவது. நிலமோ தலைமுறைதோறும் உழப்படுவது.