செட்டும் அவரே, ஆளும் அவரே

ஜார்ஜ் மெலியே என்றதும், கண்ணில் ராக்கெட் பாய்ந்த நிலவின் முகம்தான் பலருக்கும் நினைவுக்கு வரும். 1902இல் வந்த அந்தப் பிரெஞ்சுப் படத்தில் தாடிக்கார விஞ்ஞானியாக நடித்தவரும் மெலியே. நிலவுலகத்தின் செட்டை வடிவமைத்தவரும் அவரே. மந்திர வித்தைக்காரர், இயக்குநர் என்று அவரைப் புகழ்வார்கள். என் கண்ணுக்கு அவர் முதலில் ஒரு கலை இயக்குநர். தான் போட்ட செட்டுக்குள் எந்த அங்குலத்தில் நிற்க வேண்டும் என்று அறிந்த நடிகரும்கூட.

1897இல் பாரிஸை ஒட்டிய மோந்த்ரேயில் கண்ணாடிச் சுவரும் கண்ணாடிக் கூரையுமாக ஸ்டுடியோ கட்டினார். வெயில்தான் விளக்கு. அந்தக் கால ஃபிலிமில் சிவப்பும் மஞ்சளும் கறுப்பாக விழும், நீலம் வெளுத்துப்போகும். அதனால் திரைச்சீலை, நாற்காலி, உடுப்பு எல்லாவற்றையும் கறுப்பு, வெள்ளை, சாம்பல் சாயல்களிலேயே தீட்டவைத்தார். வண்ணம் வேண்டுமென்றால் பிரதி எடுத்த பிறகு, எலிசபெத் தூலியே என்பவரின் பட்டறையில் பெண்கள் ஒவ்வொரு ஃபிரேமாகத் தூரிகையால் தீட்டிக் கொடுத்தார்கள்.

அவருடைய இரண்டு வேலைகளையும் பிரிக்கவே முடியாது என்று காட்டும் படம், 1901இல் எடுத்த ‘ரப்பர் தலை மனிதன்’. ஒரு விஞ்ஞானி தன் தலையைப் போலவே இன்னொரு தலையை மேசைமேல் வைத்துத் துருத்தியால் ஊதுகிறார். தலை பெருத்துக்கொண்டே போகிறது. ஊதுபவரும் மெலியே, ஊதப்படும் தலையும் மெலியே. கேமரா அசையவே இல்லை. உடம்பைக் கறுப்புத் துணியால் மறைத்து, தள்ளுவண்டியில் உட்கார்ந்து, ஒரு சரிவுப் பாதையில் கேமராவை நோக்கி அவரே இழுக்கப்பட்டார். கிட்டே வரவரத் தலை பெரிதாகும். ஆனால் கழுத்து மேசையை விட்டு நகரக் கூடாது. அதற்கேற்பச் சரிவைக் கணக்கிட்டிருந்தார். தச்சனின் கணக்கும் நடிகனின் முகமும் ஒரே ஆளிடம் இருந்ததால் கூடிய காரியம் இது.

அதற்கு முந்தைய ஆண்டு எடுத்த படத்தில் ஏழு நாற்காலிகள், ஏழு வாத்தியக்காரர்கள். ஏழு பேரும் அவரே. ஒரே ஃபிலிமைத் திரும்பத் திரும்பச் சுற்றி எடுத்தது. கடைசி முறை கை ஒரு சாண் தவறினாலும் முந்தைய உழைப்பெல்லாம் வீண். இங்கே நல்ல நடிப்பு என்பது உணர்ச்சியோடு சேர்த்து அளவையும் பிசகாமல் காப்பது. இதற்காகவே அவரை வணங்கத் தோன்றுகிறது.

500க்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தவர் கடனில் மூழ்கினார். 1923இல் மோந்த்ரேய் சொத்து கைவிட்டுப் போனபோது, தன்னிடமிருந்த நெகட்டிவ்களைத் தானே எரித்தார். பிறகு மோன்பர்னாஸ் ரயில் நிலையத்தில் பொம்மைக் கடை வைத்துப் பிழைத்தார். 1931இல் லெஜியன் ஆஃப் ஆனர் விருது கிடைத்தது. 1938இல் மறைந்தார்.

‘ரப்பர் தலை மனிதன்’ மூன்று நிமிடத்துக்குள் முடிந்துவிடும், இணையத்தில் கிடைக்கிறது. பார்க்கும்போது பெருக்கும் தலையை விட்டுவிட்டு, அது உட்கார்ந்திருக்கும் மேசையின் விளிம்பைக் கவனியுங்கள்.