இரண்டு கிராமுக்கும் இருநூறு கிலோவுக்கும் ஒரே தண்டனையா?

"குடு வித்தவனுக்கு எதுக்குத் தண்டனையைக் குறைக்கோணும்?" போதைப்பொருள் வழக்கொன்றில் மேன்முறையீட்டு நீதிமன்றம் தண்டனையைக் குறைத்தது என்று செய்தி வந்தால் உடனே எழுகிற கேள்வி இது. கேட்பவர்களில் எங்களுக்குக் கோபமில்லை. எங்கட வயசுப் பெடியளை ஐஸ் எப்படித் தின்னுது என்று நாங்களும் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறோம். ஆனால் இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லமுதல், எங்கட நாட்டுச் சட்டம் என்ன சொல்லுது என்று பார்க்கவேணும்.

நஞ்சுகள், அபின் மற்றும் அபாயகர ஔடதங்கள் கட்டளைச் சட்டம் 1984இல் திருத்தப்பட்டது. அதன்படி 2 கிராம் அல்லது அதற்கு மேற்பட்ட ஹெரோயினுக்கு மரண தண்டனை அல்லது ஆயுள் தண்டனை. இரண்டைத் தவிர மூன்றாவது தெரிவு நீதிபதிக்குக் கிடையாது. 2022இல் வந்த திருத்தம் 5 கிராம் ஐசுக்கும் இதே தண்டனையைக் கொண்டுவந்தது. 2 கிராம் என்றால் ஒரு தேக்கரண்டி சீனியை விடக் குறைவு. படகில் 200 கிலோ இறக்கினவருக்கும், யாரோ தந்த பொதியைச் சட்டைப்பையில் வைத்திருந்த ஓட்டோக்காரருக்கும் ஒரே பிரிவு, ஒரே தண்டனை. கடத்துவதற்கும் வைத்திருப்பதற்கும் இடையிலும் வித்தியாசமில்லை. சட்டம் தராசைத்தான் பார்க்குது. ஆளைப் பார்க்கிறதில்லை.

அப்படியென்றால் மேன்முறையீட்டில் எதைக் குறைக்கலாம்? பொதி சரியாக முத்திரையிடப்பட்டதா, பொலிஸ் நிறுத்த எடையும் பகுப்பாய்வாளர் நிறுத்த எடையும் பொருந்துதா, தூய ஹெரோயின் எவ்வளவு என்ற கேள்விகள் குற்றத்தீர்ப்பைப் பற்றியவை. அவற்றில் பிழை இருந்தால் தீர்ப்பே விழலாம். தீர்ப்பு நின்றுவிட்டால், தண்டனையில் மிஞ்சுவது மரணத்தை ஆயுளாக்குவது மட்டும்தான். 1976க்குப் பிறகு இந்த நாட்டில் ஒருவரும் தூக்கிலிடப்படவில்லை. ஆகவே "தண்டனை குறைந்தது" என்று நாங்கள் வாசிக்கிற செய்தியின் உண்மையான பொருள், நடக்காத தூக்குக்குப் பதிலாக முடிவு தெரியாத சிறை என்பதே. இதைக் கருணை என்று சொல்ல எங்களுக்கு வாய் வரவில்லை.

வேறு வழி இல்லாமல் இல்லை. இங்கிலாந்திலும் வேல்சிலும் 2012இல் வந்த தண்டனை வழிகாட்டிகள், எடையோடு சேர்த்து ஒருவரின் பங்கையும் பார்க்கச் சொல்கின்றன. வலையமைப்பை நடத்தினவர் வேறு, வறுமையாலோ மிரட்டலாலோ பொதி சுமந்தவர் வேறு. எங்கட உயர் நீதிமன்றமும் 2008இல் வேறொரு வகைக் குற்றம் தொடர்பில், சட்டம் விதித்த குறைந்தபட்சத் தண்டனை நீதிபதியின் தற்றுணிபைத் தடுக்காது என்று சொன்னது. அந்தச் சிந்தனை போதைப்பொருள் சட்டத்துக்கும் வரவேணும் என்பது எங்கள் நிலைப்பாடு.

"அப்ப பெரிய முதலாளிமாரும் தப்பிவிடுவாங்களே?" நியாயமான பயம். ஆனால் யோசித்துப் பாருங்கோ, இப்ப தப்ப வசதி உள்ளவர் யார்? நல்ல சட்டத்தரணியை அமர்த்தக் காசுள்ளவர்தானே. வீட்டை ஈடு வைத்து முதல் வழக்கை நடத்தின குடும்பத்திடம் மேன்முறையீட்டுக்கு என்ன மிஞ்சும்? தண்டனையைக் குறைப்பதற்கான அளவுகோல் எழுத்தில் இருந்தால், காசு செய்கிற வேலை குறையும். நீதிமன்றம் குறைக்கும்போது காரணத்தை எழுதித்தான் குறைக்குது. அதை நாங்கள் வாசிக்கலாம், கேள்வி கேட்கலாம். ஜனாதிபதி மன்னிப்பு அப்படியில்லை. றோயல் பார்க் கொலை வழக்கில் 2019இல் கொடுத்த மன்னிப்பை உயர் நீதிமன்றம் ரத்துச் செய்ய 2024 ஆனது.

2023 டிசம்பரில் தொடங்கிய 'யுக்திய' நடவடிக்கையில் பல்லாயிரம் பேர் கைதானார்கள். அவர்களில் 2 கிராமைத் தாண்டினவர்களின் வழக்குகள் மேல் நீதிமன்றத்துக்கும், பிறகு மேன்முறையீட்டுக்கும் வரும். அதற்கு முதல் மூன்று விஷயங்கள் நடக்கவேணும். ஒன்று, மரணம், ஆயுள் என்ற இரண்டுக்கும் கீழே ஆண்டுக்கணக்கான தண்டனையையும் சட்டம் அனுமதிக்கவேணும். இரண்டு, ஆளின் பங்கு, வயது, அடிமைப்பட்டவரா என்பதெல்லாம் தண்டனைத் தீர்ப்பில் எழுதப்படவேணும். மூன்று, விளக்கமறியலிலும் மேன்முறையீட்டுக்குக் காத்திருந்தும் கழிந்த காலம் தண்டனையில் கட்டாயம் கழிக்கப்படவேணும்.

ஐஸ் கொண்டுவருகிறவன் வெளியில் இருக்க, அதைச் சுமந்த பெடியன் உள்ளே கிழவனானால் எந்த ஊரிலும் போதை குறையப்போவதில்லை. கொண்டுவந்தவனையும் சுமந்தவனையும் பிரித்துப் பார்க்கிற சட்டத்தைத்தான் நாங்கள் கேட்கிறோம்.