குழியின் அருகே உணவருந்தியவர்கள்



கொடுமைக்கு ஆளானவனின் கதைக்குத் தமக்கு இனிக்கும் முடிவைத் தாமே எழுதிக்கொள்வதில் நம் வாலிபர் பலருக்கு விருப்பம் உண்டு. டோரேமான் பார்க்கும் பிள்ளைகள் நோபிட்டாவை அறிவார்கள். அவனை ஓயாமல் அடிக்கும் ஜியானையும் அறிவார்கள். ரசிகன் எழுதும் கதையில் ஜியான் மண்டியிட்டு அழுகிறான். வாசிப்பவனுக்கு மனம் ஆறுகிறது.

செஞ்சிக்காரருக்கு இது புதிதன்று. 1714-இல் ஆற்காட்டு நவாப் சாதத்துல்லா கான் கப்பப் பாக்கியைக் காரணங்காட்டிப் பெரும்படையோடு வந்தபோது, இளைஞனான தேசிங்கு துப்பாக்கிக் குண்டுக்கு இரையானான் என்கிறது வரலாறு. கதைப்பாடலோ, அவன் பகைவன் கையால் சாகாமல், தன் வாளையே வானில் எறிந்து மார்பில் ஏந்தினான் என்கிறது. தோற்றவனுக்கு மானத்தையாவது மீட்டுத்தர விரும்பிய அந்த அன்பை நான் பழிக்கமாட்டேன்.

ஆயினும் இத்தகைய முடிவுகளை எதிர்க்கிறேன். பழிவாங்குதல் பாவம் என்பதை நீங்கள் பலமுறை கேட்டிருக்கிறீர்கள். என் வழக்கு வேறு. இவை கதையைத் தவறான இடத்தில் திருத்துகின்றன.

யோசேப்பின் சரித்திரத்தை இவர்கள் திருத்தினால், சகோதரர்கள் எகிப்தின் சிறையில் மடிவார்கள். யாக்கோபு மரித்தபின் அச்சகோதரர்களே அப்படி ஒரு முடிவை எண்ணித்தான் நடுங்கினார்கள். ஆனால் திருத்தம் வேண்டியது ஆதியாகமம் 37-ஆம் அதிகாரத்தில் அல்லவா? தம்பியைத் தண்ணீரில்லாத குழியில் போட்டுவிட்டு, அவர்கள் உட்கார்ந்து உணவருந்தினார்கள். ரூபன் கொலையைத் தடுத்தான். விடுவிக்கும் எண்ணத்தையோ மனதுக்குள் ஒளித்துவைத்தான். அவன் திரும்பி வந்தபோது குழி வெறுமையாயிருந்தது.

நம் வீடுகளில் நடப்பது என்ன? உடன்படிக்கும் ஒருவனைச் சாதி சொல்லி இகழ்வதைப் பார்த்துவிட்டு வந்து பிள்ளை நம்மிடம் சொல்கிறான். "உனக்கேன் வம்பு?" என்கிறோம். அன்றிரவே, வில்லன் உதைபடும் படத்தைக் குடும்பமாக அமர்ந்து ரசிக்கிறோம். அந்த உணவு மேசைக்கும் குழியோரத்துப் பந்திக்கும் தூரம் அதிகமில்லை.

பேசுவதற்கு விலை உண்டு, மறைக்கவில்லை. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில், சாதித் துன்புறுத்தலைப் பற்றிப் புகார் சொன்ன மாணவனை உடன்படித்தவர்களே வீடு புகுந்து வெட்டினார்கள். தடுக்க ஓடிவந்த தங்கையும் வெட்டுப்பட்டாள். அண்ணன் விழுந்தபின் அழகிய முடிவொன்றை எழுத அவள் காத்திருக்கவில்லை.

தேசிங்கு கதையிலும் என் உள்ளம் நிற்பது வானில் எறிந்த வாளிடத்தில் அன்று. நண்பனுக்கு ஆபத்து என்று கேட்டதும், தன் மணப்பந்தலை விட்டெழுந்து போர்க்களம் புகுந்தானே மகபத்கான், அவனிடத்தில்தான். அவன் வேறு மதத்தவன் என்பதைக் கதை ஒரு தடையாகவே எண்ணவில்லை.

உங்கள் பிள்ளை பிறனுக்காகப் பேசிவிட்டு வகுப்பில் தனித்து நிற்கிறானென்றால், திங்கட்கிழமை காலை அவனோடு பள்ளிக்குச் செல்லுங்கள். தலைமையாசிரியரைப் பாருங்கள். தனியே போகத் தயக்கமாயிருந்தால் என்னை அழையுங்கள், உடன் வருகிறேன்.